கிளிச் சீட்டில் எழுதாத பேர்

அன்பு மகள் கிருபாவுக்கு,

ஊர் அடங்கிய நேரத்தில் எழுத உட்கார்ந்திருக்கிறேன், மன்னித்துக்கொள். பாப்பா இப்போதுதான் என்னிடம் பால் குடித்துக் கண்ணசந்தாள், அவள் தூங்கினால்தான் என் இரண்டு கையும் எனக்குக் கிடைக்கிறது. கர்த்தருடைய கிருபையால் நான், அப்பா, தாத்தா, பாப்பா எல்லோரும் சுகம். பார், நம் வீட்டில் யாருக்குக் கடிதம் எழுதினாலும் முதல் வரியிலேயே உன் பேர் வந்துவிடுகிறது. நீ சுகமா? ஜெர்மனியில் பனி விழ ஆரம்பித்துவிட்டதாகச் செய்தியில் பார்த்ததிலிருந்து எனக்கு இருப்புக் கொள்ளவில்லை, நைட் டியூட்டி முடிந்து வந்து தலைக்குக் குளித்த ஈரத்தோடு படுக்காதே, அங்கே கிடைக்கும் ரொட்டியை மட்டும் தின்றுவிட்டுக் கிடக்காதே, அரிசி வாங்கிக் கஞ்சியாவது வைத்துக் குடி. போனில் இதையெல்லாம் சொல்ல ஆரம்பித்தால் நீ "சரிம்மா, நேரமாச்சு" என்று வைத்துவிடுகிறாய், அதனால்தான் தாளில் எழுதி போட்டோ எடுத்து அனுப்புகிறேன், தாளை நடுவில் கட் பண்ண முடியாது பார்.

பாப்பாவுக்கு ஞானஸ்நானம் வருகிற ஞாயிறு விட்டு அடுத்த ஞாயிறு, சபை ஐயரிடம் கேட்டு முடிவு பண்ணியாகிவிட்டது. சிவகாசியில் இப்போது காலண்டர் சீசன், அப்பாவுக்குப் பிரஸ்ஸில் மூச்சு விட நேரமில்லை, ஆனாலும் ஒரு ஆர்டர் முடிகிற இடைவெளியில் நம் அழைப்புக் கார்டை ஓட்டிக்கொள்ள முதலாளி சரி சொல்லிவிட்டார். நாள், நேரம், ஆலயம், விருந்து எல்லாம் கம்போஸ் பண்ணி, பேர் வரும் இடத்தை மட்டும் காலியாக விட்டு வைத்திருக்கிறார். பேருக்குத்தான் வீட்டில் பெரிய போராட்டம். தாத்தாவுக்கு உன் பாக்கியவதி ஆச்சி பேர்தான் வேண்டும். அப்பாவுக்கு ஐரீன். உன் வார்டில் இருக்கிற அந்த வயதான அம்மா பேர் ஐரீன், கிரேக்கத்தில் அதற்குச் சமாதானம் என்று அர்த்தம் என்று நீ ஒரு தடவை சொன்னாயே, அதைக் கேட்டுத் தாத்தா தன்னோடு வேலை பார்த்த மல்லாங்கிணறு சமாதானம் வாத்தியாரை நினைத்துச் சிரித்தார், மீசை வைத்த ஐரீன் என்று. நாம் எல்லோரும் சிரித்துவிட்டு மறந்துவிட்டோம், அப்பா மட்டும் அந்தப் பேரை மனதுக்குள் வைத்துக்கொண்டே இருந்திருக்கிறார், நீ சொன்ன பேர் என்பதால். பக்கத்து வீட்டு வள்ளித்தாய் அத்தை விஸ்வநத்தத்தில் பட்டாசு வேலை முடிந்து வந்ததும் கை கால் கழுவி, சேலை மாற்றிவிட்டுத்தான் பாப்பாவைத் தூக்குவாள், தூக்கிய கையோடு தன் கட்சியையும் சேர்த்துப் பேசுவாள். உன் ரூமில் இருக்கும் அமா, கானா நாட்டில் தங்கள் ஆட்கள் பிறந்த கிழமையை வைத்துப் பேர் வைப்பார்கள், சனிக்கிழமை பிறந்ததால் தான் அமா, நம் பாப்பா செவ்வாய் என்பதால் அபெனா என்று சொன்னதை நான் அத்தையிடம் சொன்னேன். "அட, அங்கனயும் கிழமை பாக்காகளா! செவ்வா நம்ம முருகன் கிழமைல்லா, அப்ப பிள்ளைக்கு வள்ளின்னு வைக்க வேண்டியதான, எம் பேரு என்ன கசக்கா?" என்று ஒரு பிடி பிடித்தாள். அப்புறம் அவளே, "எங்க வீட்ல இம்புட்டு ரோசனையே கிடையாது மதினி, மூத்தது ஆணுன்னா ஆண்டிச்சாமி, வாசல்ல நின்னு ஒருக்கா கூப்பிட்டா நாலு பேரு என்னங்கான்" என்று சிரித்தாள்.

கடைசியில் நம் வழக்கப்படி சீட்டு எழுதி, பைபிள் மேல் வைத்து ஜெபம் பண்ணி, எழுத்துத் தெரியாத ஒரு சின்னப் பிள்ளையை எடுக்கச் சொல்வது என்று முடிவானது. அப்பா பிரஸ்ஸிலிருந்து கொண்டுவந்த வேஸ்ட் தாளைக் கிழித்துச் சீட்டுப் பண்ணினார், உன் பள்ளிக்கூடப் புத்தகத்துக்கெல்லாம் அட்டை போட்ட அதே மத்தாப்புப் பெட்டி லேபிள் தாள்தான், ஒரு பக்கம் அச்சு, மறு பக்கம் வெள்ளை. தாத்தா பாக்கியவதி என்று எழுதினார், அப்பா ஐரீன் என்று எழுதினார், மூன்றாவதை என்னிடம் நீட்டினார்கள். நான் திரும்பி உட்கார்ந்து, ஒன்றும் எழுதாமல் மடித்து வைத்துவிட்டேன். வள்ளித்தாய் அத்தையின் பேத்தி பிரீத்தியை எடுக்கச் சொன்னோம். அவள் யோசிக்கவே இல்லை, கையை நீட்டி ஒன்றை எடுத்துவிட்டாள். பிரித்தால் என் சீட்டு. தாத்தா கண்ணாடியைத் துடைத்துப் போட்டு, முன்னும் பின்னும் திருப்பிப் பார்த்து, "ஏம்மா பியூலா, இதுல ஒண்ணும் எழுதக் காணோமே, ஆண்டவரு வெத்துச் சீட்டா குடுப்பாரு?" என்கிறார். நான் வாயைத் திறப்பதற்குள் பிரீத்தி, "தாத்தா, கிளியக் குடுங்க" என்று அழ ஆரம்பித்துவிட்டாள். அப்போதுதான் எல்லோருக்கும் விளங்கியது. மற்ற இரண்டு சீட்டிலும் வெறும் சிவப்பு, என் சீட்டின் மேல்பக்கம் லேபிளில் இருந்த கிளி முழுசாக வந்து உட்கார்ந்திருக்கிறது, பிள்ளை அதைப் பார்த்துத்தான் எடுத்திருக்கிறாள். தாத்தா செல்லாது, மறுபடி போட வேண்டும் என்றார். அப்பா விடவில்லை, "எடுத்தது எடுத்ததுதான்னு நீங்கதான சொல்லுவீக" என்றார். நீ பிறந்தபோதும் தாத்தா எழுதிய பேர் வராமல் நான் எழுதிய கிருபாதான் வந்தது, அன்றைக்கு மறுபடி போடச் சொன்ன ஆச்சியிடம் அவர் சொன்ன வார்த்தை அது. தாத்தா நாற்காலியில் சாய்ந்து, "இந்த வீட்டுச் சீட்டு எனக்கு என்னைக்குத்தான் விழுந்துச்சு" என்று சொல்லி, அவரே சிரித்துவிட்டார், வள்ளித்தாய் அத்தைக்குச் சிரித்துச் சிரித்துப் புரையேறிவிட்டது.

அந்த வெத்துச் சீட்டு உனக்காக வைத்தது கிருபா. அதை எல்லோர் முன்னாலும் சொன்னேன். இந்த வயதில் அம்மாவுக்குக் குழந்தையா என்று உனக்குச் சங்கடமாக இருந்தது எனக்குத் தெரியும், கூட வேலை பார்ப்பவர்களிடம் என்னம்மா சொல்வேன் என்று கேட்டாய், பாப்பா பிறந்த அன்று போட்டோ அனுப்பினால் ஒரு கட்டைவிரல் படம் மட்டும் வந்தது. கோபப்படவில்லை, எனக்கே கல்லூரித் தோழிகளிடம் சொல்லக் கூச்சமாகத்தான் இருந்தது. ஆனால் உனக்குப் பிறகு இரண்டு தங்காமல் போனது, நான் ஆண்டவரிடம் கேட்பதையே விட்டுவிட்டது எல்லாம் உனக்குத் தெரியும், விட்ட பிறகு வந்தவள் இவள். உன் இடத்தை எடுத்துக்கொள்ள வந்தவள் என்று மட்டும் நினைத்துவிடாதே. அன்றைக்கு அமா வீடியோவில் எட்டிப் பார்த்துப் பாப்பா என்ன கிழமை என்று கேட்டாளே, அதை எனக்குத் தமிழில் சொல்லும்போது நீ லேசாகச் சிரித்தாய். அந்தச் சிரிப்பை நம்பித்தான் எழுதாத சீட்டை வைத்தேன். நான் எழுதி உன் பேர் வந்தது, இவள் பேரை நீ எழுது. தாத்தாவும் இறங்கி வந்துவிட்டார், "மூத்தவ வைக்கட்டும், ரெண்டாம் பேரா பாக்கியவதிய ஒட்டிக்கிடுங்க, நான் வேண்டாங்கல" என்கிறார். இப்போது தாத்தா பாக்கியம் என்கிறார், அப்பா ஐரீன் என்கிறார், அத்தை வள்ளி என்கிறாள், பாப்பா எல்லாவற்றுக்கும் திரும்பிக் காலை உதைக்கிறாள். நான் மட்டும் இன்னும் எந்தப் பேரும் சொல்லிக் கூப்பிடவில்லை. கிளிச் சீட்டு பைபிளுக்குள் இருக்கிறது. பிரீத்தி தினமும் வந்து கேட்கிறாள், பேர் எழுதிய பிறகு தருகிறேன் என்று சொல்லி வைத்திருக்கிறேன்.

எந்த நாட்டுப் பேராக இருந்தாலும் சரி, அமாவிடமும் கேள், அர்த்தம் தெரிந்து வை, தாத்தா வாயில் நுழைகிற மாதிரி பார்த்துக்கொள். கர்த்தர் உன் போக்கையும் வரத்தையும் காப்பாராக, உன் கையால் மருந்து வாங்குகிற எல்லோரும் நன்றாக இருக்கட்டும். கம்பளிச் சாக்ஸ் போடு, தூக்கத்தைக் கெடுத்துக்கொள்ளாதே. பாப்பா சிணுங்குகிறாள், எழுந்து போகிறேன். வெள்ளிக்கிழமை கார்டு மெஷினில் ஏறுகிறது, அதற்குள் பதில் போடு.

உன் அம்மா,
பியூலா சாம்சுந்தர்
ஆமத்தூர்