உன் முழங்காலுக்கு ஒன்றுமில்லை

அன்புள்ள அண்ணா,

உனக்கு ஒருநாளும் முழங்காலில் காயம் இருந்ததில்லை. பழுது இருந்தது இதயத்தில். அதை மறைத்து, முழங்கால் என்று ஊருக்குச் சொன்னவர்கள் மூன்று பேர்: நீ, அம்மா, நான். அந்தப் பொய்தான் உன்னைக் கொன்றது.

இதை எல்லோரும் வாசிக்கும்படி எழுதுகிறேன். மூன்று பேருக்கு மட்டும் தெரிந்த உண்மையால் உனக்கு ஒரு பிரயோசனமும் கிடைக்கவில்லை. மற்றவர்களுக்காவது கிடைக்கட்டும். உனக்குக் கோபம் வரும் என்று தெரியும். வந்தால் வந்து ஏசிவிட்டுப் போ.

இன்றைக்கு இருபத்தாறாவது நாள். அம்மா இப்போது உன் அறையில் படுக்கிறார். அன்று மைதானத்திலிருந்து கொண்டுவந்து மாட்டிய உன் முழங்கால் பட்டி இன்னும் குளியலறைக் கொளுக்கியில் தொங்குகிறது. அவரும் எடுக்கவில்லை, நானும் எடுக்கவில்லை. காலையில் பல் விளக்கும்போது அது கண்ணுக்கு நேரே வருகிறது.

அதை வாங்கிய நாள் உனக்கு ஞாபகம் இருக்கிறதா? மொன்றியலில், சென்ட் லோரன்டில் நம் வீட்டுக்குக் கீழே உள்ள மருந்துக்கடை. எந்தக் கால் என்று அந்தப் பெண் பிரெஞ்சில் கேட்டாள். நீ என் பக்கம் திரும்பி, "எது நல்லா இருக்கும்?" என்றாய். வெளியே வந்து சிரித்துச் சிரித்துப் பனியில் வழுக்கப் பார்த்தோம். அதற்குப் பிறகு ஒரு கோடையில் இடது காலில் போட்டாய், மறு கோடையில் வலது காலில். சித்தப்பாவின் மகள் நிலானிதான் பிடித்தாள்.

"அண்ணா, போன முறை மற்றக் கால்."

"நோ இடம் மாறிப் போட்டுது, பிள்ளை."

அவளுக்கு அப்போது பத்து வயது. இப்போது பதினான்கு. பக்கத்து நகரமான லவாலில் பள்ளிக்கூட உதைபந்தாட்ட அணிக்கு விளையாடுகிறாள். உன்னைப் போலவே ஆறாம் இலக்கம் கேட்டு வாங்கியிருக்கிறாள். இந்தக் கடிதம் முக்கியமாக அவளைப் பற்றியது, அண்ணா. அதற்கு மெதுவாக வருகிறேன்.

போன சனிக்கிழமை ஊர்ச் சங்கத் தலைவர் சத்தியன் அண்ணை வீட்டுக்கு வந்தார். முப்பத்தோராம் நாளுக்குக் கொடுக்கும் கல்வெட்டு நினைவுப் புத்தகத்தில் உன் வாழ்க்கைக் குறிப்பு எழுதிக்கொண்டு வந்திருந்தார். முதல் வரியிலேயே நீ அப்பாவின் ஊரில் பிறந்திருந்தாய். நீ அங்கே போனதே ஒருமுறைதான், அதிலும் பாதி நாள் வயிற்றோட்டத்தோடு படுத்துக் கிடந்தாய். மூன்றாவது வரியில் நீ ஹொலண்ட் தேசிய அணிக்கு விளையாடியிருந்தாய்.

நீ விளையாடியது எனக்குத் தெரியும். ஹொலண்டின் தெற்கில், கடுகதி ரயில் நிற்காத ஒரு சின்னப் பட்டணம். பத்தொன்பது வயதில் அந்த ஊர்க் கழகத்துக்காக இரண்டாம் பிரிவில் இறங்கினாய். நடுக்களம். நீ கோல் அடித்து நான் பார்த்தது இரண்டே முறை. உன் வேலை, பின்னுக்கு நிற்பவனிடம் பந்தை வாங்கி, முன்னுக்கு நிற்பவனுக்கு அதை நல்ல பந்தாக்கிக் கொடுப்பது. கைதட்டு அவனுக்குப் போகும். அப்பா ரொட்டித் தொழிற்சாலை வேலை முடிந்து மாவோடு வந்து நின்று "அடியடா, அடியன்டா" என்று தமிழில் கத்துவார். நீ அடிக்கமாட்டாய். பக்கத்தில் நிற்பவனுக்குக் கொடுத்துவிட்டு நடப்பாய்.

ஒரு பழக்கம் மட்டும் உனக்கு இருந்தது. பந்து வருவதற்கு முன் இரண்டு தரம் தோளுக்கு மேலால் திரும்பிப் பார்ப்பாய். ஏன் என்று கேட்டேன். "பந்து வந்தாப் பிறகு பாத்தா லேற்றடி. ஆர் எங்க நிக்கிறான் எண்டு முதலே தெரியவேணும்" என்றாய். அன்றிலிருந்து நான் பந்தைப் பார்ப்பதை விட்டுவிட்டு உன் தலையைப் பார்க்கத் தொடங்கினேன்.

அப்பா ஒரு மாரியில் நித்திரையிலேயே போனார். வேலைக் களைப்பு என்றார்கள். ஏழை மனிதன் நித்திரையில் செத்தால் யாரும் அதிகம் கேட்பதில்லை. அடுத்த கோடையில், பருவம் தொடங்குமுன் எல்லா வீரர்களுக்கும் செய்யும் பரிசோதனையில், உன் இதயத் தசை தடித்திருக்கிறது என்று கண்டுபிடித்தார்கள். வேகமாக ஓடினால் இதயம் நின்றுவிடலாம் என்று வைத்தியர் சொன்னார். கழகம் உனக்கு ஒரு பூங்கொத்தும் ஒரு கைகுலுக்கலும் தந்தது. உனக்கு இருபத்து நான்கு வயது, வேறு தொழில் ஒன்றும் தெரியாது.

நீ சைப்பிரசுக்குப் போனாய். அங்கே படிவத்தில் இதயநோய் உண்டா என்ற கேள்விக்கு எதிரே இல்லை என்று நீயே கீறினாய். ஆகவே முதல் பொய் உன்னுடையது, அண்ணா. அதை நான் அம்மாவின் தலையில் போடமாட்டேன். அங்கே இரண்டு பருவம், பிறகு மொன்றியலில் ஒரு சிறிய அணி. என்னைப் படிக்க இங்கே கூப்பிட்டதும் நீ, அம்மாவைக் கூட்டிவந்ததும் நீ. மூன்றாவது கோடையில் பயிற்சியில் மயங்கி விழுந்தாய். இங்கத்தைய வைத்தியரும் அதே படத்தை எடுத்து அதையே சொன்னார். இருபத்தொன்பது வயதில் ஓய்வு.

அன்று பின்னேரம் இதே சமையலறையில்தான் முழங்கால் பிறந்தது. அம்மா ரொட்டிக்கு மா குழைத்துக்கொண்டு, தலையால் என்னைக் காட்டிச் சொன்னார்: "நெஞ்சு வருத்தம் எண்டு வெளியில போச்சுதெண்டா இவளை ஆர் கேப்பினம்? பரம்பரை வருத்தம் எண்டு சொல்லிப்போடுவினம்."

"அப்ப என்னத்தைச் சொல்லுறது?" என்று கேட்டேன். நான்தான் கேட்டேன்.

"முழங்கால் எண்டு சொல்லுங்கோ. பந்தடிக்கிறவைக்கு முழங்கால் போறது வழமைதானே."

அம்மா சொன்னதில் ஒரு பிழையும் இல்லை. அது பரம்பரை வருத்தம்தான். அதனால்தான் சொல்லியிருக்க வேண்டும். ஆனால் நம் ஆட்களுக்கு நோய் என்றால் முதலில் ஞாபகம் வருவது வைத்தியர் இல்லை, கலியாணத் தரகர். யாருக்கு நீரிழிவு, யார் வீட்டில் மனநோய், யார் குடும்பத்தில் நெஞ்சு என்று ஒரு பட்டியல் எல்லோர் வீட்டிலும் மனப்பாடமாக இருக்கிறது. வைத்தியரிடம்கூட மறைப்பதை அந்தப் பட்டியலுக்குப் பயந்தே மறைக்கிறோம்.

அந்தப் பொய் ஒரு நல்ல காரியமும் செய்தது, மறைக்கக்கூடாது. மருந்துக் களஞ்சியத்தில் நீ வேலைக்குச் சேர்ந்தபோது, முழங்கால் ஏலாது என்று உன்னைப் பெட்டி தூக்க விடாமல் லேபிள் ஒட்டும் மேசையில் இருத்தினார்கள். நாள் முழுக்க மற்றவர்களின் இதய மருந்துக்கு லேபிள் ஒட்டினாய். அதைச் சொல்லிச் சிரிப்பாய். நானும் சிரித்தேன்.

இனி அந்த ஞாயிற்றுக்கிழமை. நெடுஞ்சாலைக்குப் பக்கத்துப் பூங்கா, ஊர்ச் சங்கங்களின் உதைபந்தாட்டப் போட்டி, இறுதி ஆட்டம். நான் கொத்துரொட்டிக் கடைக்குப் பக்கத்தில் நின்றேன். எனக்குப் பக்கத்தில் அம்மாவும் ஒட்டாவாவில் இருந்து வந்த ஒரு குடும்பமும். போட்டி பார்க்க வந்தவர்கள் என்று சொன்னார்கள். என்னைப் பெண்பார்க்க வந்தவர்கள். நம் அணியின் நடுக்கள வீரனுக்குக் கால் பிரண்டது. சத்தியன் அண்ணை உன்னிடம் வந்தார்.

"தம்பி, கடைசிப் பத்து நிமிசம். ஓடத் தேவையில்லை. நிண்டு பந்தைக் குடுத்தாக் காணும்."

"ஏலாதண்ணை. முழங்கால்."

"அதுக்குத்தானே பட்டி. ரெண்டாக் கட்டு."

"ஹொலண்ட் முழங்கால், விலை கூட. இறக்காதையுங்கோ, உடைஞ்சிடும்" என்று யாரோ பின்னாலிருந்து சொன்னார். எல்லோரும் சிரித்தார்கள். ஒட்டாவாக்காரரும் சிரித்தார். நீ இறங்கினாய்.

நீ இறங்கி ஏழாவது நிமிடம். பந்து உன்னிடம்கூட இல்லை. இரண்டடி நடந்தாய், முட்டுக்காலில் இருந்தாய், பிறகு முகம் குப்புற விழுந்தாய். எல்லோரும் ஓடி வந்தார்கள். ஓடி வந்து உன் முழங்காலைப் பிடித்தார்கள். ஒருவர் ஐஸ் பையை வைத்து அமத்தினார். இன்னொருவர் பட்டியைக் கழற்றிக் காலை மெதுவாக மடக்கி நீட்டினார். எல்லோருக்கும் உன்னில் அவ்வளவு அன்பு. நான் கூட்டத்தை இடித்துக்கொண்டு வந்து "நெஞ்சு, நெஞ்சைப் பாருங்கோ" என்று கத்தும்வரைக்கும் உன் நெஞ்சில் ஒருவரும் கை வைக்கவில்லை. இதயத்துக்கு மின்சாரம் கொடுக்கும் பெட்டி பூங்காக் கட்டடத்துச் சுவரில்தான் இருந்தது. அதை ஏன் எடுக்கவேண்டும்? முழங்கால்தானே.

வைத்தியசாலையில் வைத்தியர் ஒன்றைத் தெளிவாகச் சொன்னார். உன் இரத்த உறவுகள் எல்லோரும், முக்கியமாக அப்பாவின் பக்கத்தில் உள்ளவர்கள், இதயத்தைப் படம் எடுத்துப் பார்க்கவேண்டும். விளையாடுகிற பிள்ளைகள் முதலில். அப்பாவின் பக்கம் என்றால் சித்தப்பா. விளையாடுகிற பிள்ளை என்றால் நிலானி. நான் அம்மாவுக்கு மொழிபெயர்த்துச் சொன்னேன். அம்மா என் கையைப் பிடித்து, "இஞ்ச வைச்சுக் கதையாதை" என்றார். அங்கே எங்களைத் தவிரத் தமிழ் தெரிந்தவர்கள் யாரும் இருக்கவில்லை.

நான் படம் எடுத்தேன். போன புதன்கிழமை முடிவு வந்தது. இப்போதைக்கு எனக்கு ஒன்றுமில்லை, இடைக்கிடை வந்து பார்க்கவேண்டும். எந்த நோய் எனக்கும் இருக்கும் என்று ஊர் சொல்லிவிடுமோ என்று பயந்து உன்னை மறைத்தோமோ, அது எனக்கு இல்லை. அம்மா கடவுள் படத்துக்கு முன்னால் நின்று அழுதார். பிறகு கண்ணைத் துடைத்துவிட்டுச் சொன்னார்:

"நல்லதாப் போச்சு. இனி ஒருத்தருக்கும் சொல்லத் தேவையில்லை."

"சித்தப்பாவுக்கு?"

"ஒட்டாவா ஆக்கள் திரும்பப் போன் எடுத்தவை. வருசம் போய் ஆட்டைத் திவசம் முடியட்டும், பேந்து பாப்பம் எண்டவை. நீ வாயைத் திறக்காதை, பிள்ளை. நிலானியும் பொம்பிளைப் பிள்ளை. அவளுக்கும் நாளைக்கு ஒரு வாழ்க்கை வேணும்."

ஓம், அவளுக்கு நாளைக்கு ஒரு வாழ்க்கை வேண்டும். நானும் அதைத்தான் சொல்கிறேன். அம்மாவை வெறுக்க முடியவில்லை, அண்ணா. இரண்டு பேரைப் பறிகொடுத்திருக்கிறார். சத்தம் போடவும் எனக்குச் சக்தி இல்லை.

ஆகவே சனிக்கிழமை சத்தியன் அண்ணையிடம் சொன்னேன். முழங்கால் காயம் என்ற வரியில் விரலை வைத்து, "இது பொய், அண்ணை" என்றேன். முழுவதையும் சொன்னேன். அவர் கேட்டுக்கொண்டே இருந்தார். மனிதர் இந்த மூன்று கிழமையில் பாதியாகிப் போனார். கால் ஏலாத பிள்ளையை இறக்கிச் சாகடித்தவர் என்று கடைகளில் அவரைக் கதைக்கிறார்கள். அந்தப் பழியையும் நம் வீட்டுப் பொய்தான் அவருக்குக் கொடுத்தது.

"நெஞ்செண்டு ஒரு சொல்லுச் சொல்லியிருந்தா நான் இறங்கச் சொல்லிக் கேட்டிருப்பனே, தங்கச்சி?"

"கேட்டிருக்க மாட்டியள்."

"அண்டைக்கு நீங்கள் அதில நிண்டனீங்கள்தானே?"

"ஓம்."

அவர் தேத்தண்ணியைக் குடிக்கவில்லை. வாசலில் சப்பாத்துப் போடக் குனிந்தவர் நிமிராமலே சொன்னார்: "எனக்குத் தெரியாது. நான் கேட்டன். உங்களுக்குத் தெரியும்."

இருபத்தாறு நாளில் எனக்கு ஒருவர் சொன்ன ஒரே நியாயமான சொல் அது.

கல்வெட்டுக்கு நான் வேறு பக்கம் எழுதி அனுப்பிவிட்டேன். அதில் நீ ஹொலண்டில் பிறக்கிறாய், இரண்டாம் பிரிவில் விளையாடுகிறாய், இதயத்தால் ஓய்வு பெறுகிறாய், இதயத்தால் சாகிறாய். அப்பாவும் அப்படித்தான் போயிருக்கலாம் என்றும் எழுதியிருக்கிறேன். சங்கம் அச்சடிக்கிறதோ இல்லையோ எனக்குத் தெரியாது. அதற்காகத்தான் இதை இங்கே எழுதுகிறேன். நாளைக்கு நிலானிக்கு ஆட்டம் இருக்கிறது. காலையில் முதல் மெட்ரோவில் லவாலுக்குப் போகிறேன். சித்தப்பா கதவைத் திறந்ததும், உள்ளே போய் இருக்க முதலே சொல்லிவிடுவேன். படம் எடுத்துப் பார்க்காமல் அந்தப் பிள்ளை மைதானத்தில் கால் வைக்கமாட்டாள். இது உனக்கு என் சத்தியம்.

ஒன்று மட்டும் மிச்சம். எழுதாமல் விடலாம் என்று பார்த்தேன், முடியவில்லை. அந்த ஞாயிற்றுக்கிழமை பட்டியைக் கட்டிக்கொண்டு எழும்பினாய். எல்லைக்கோட்டைத் தாண்டுமுன் நின்றாய். தோளுக்கு மேலால் திரும்பிப் பார்த்தாய். ஒருதரம். பிறகு இன்னொருதரம். இரண்டு முறையும் என்னை. நான் ஒட்டாவாக்காரருக்குப் பக்கத்தில், கையில் ரோல்ஸ் தட்டோடு நின்றேன். நான் தலையைக் குனிந்தேன்.

நீ எதற்குத் திரும்பிப் பார்த்தாய், அண்ணா? நான் ஒரு சொல் சொன்னால் போகாமல் நிற்கலாம் என்றா? எனக்கு ஆறுதல் வேண்டாம், பொய்யும் வேண்டாம். ஓம் என்றோ இல்லை என்றோ, ஒரு சொல்லில் பதில் சொல்லு.

உன் கூடப்பிறந்தவள்,
தர்சி