ரெவிதாவுக்கு உள்ளே இருப்பவர்கள்

கோட்டுகால்,
10 ஜூலை 1994

அன்புள்ள ரெஜிலா,

உனக்கும் விஜயண்ணனுக்கும் மாதாவின் துணை மஸ்கட் வரைக்கும் எட்டட்டும். இங்கே நாங்கள் எல்லாரும் சுகம். கடலுக்குத்தான் சுகமில்லை. ஒரு வாரமாக வள்ளம் இறக்க முடியாமல் நிக்கோலஸ் வீட்டிலேயே இருந்து, நான் செய்யும் எல்லாவற்றிலும் குற்றம் கண்டுபிடித்துக்கொண்டிருக்கிறார்.

எனக்குப் பெண் பிறந்த செய்தி உனக்கு எட்டியிருக்கும். போன ஞாயிறு ஞானஸ்நானம் முடிந்தது. எங்கள் வழக்கப்படி மாமியாரின் பெயரான மார்கிரெட் என்பதைக் கோவிலில் எழுதினார்கள். அது ஏட்டோடு போகும். கூப்பிடுவதற்கு ஒரு பெயர் வேண்டுமே. ரெவிதா என்று வைத்துவிட்டேன்.

கடிதத்தைக் கீழே போட்டுவிடாதே, முழுக்கப் படி.

அந்தப் பெயரை நீங்கள் உண்டாக்கியபோது நானும் பக்கத்தில் இருந்தேன். முதலில் விஜிலா என்றார் அண்ணன். பாறசாலையில் தெருவுக்கு ஒரு விஜிலா உண்டு என்று நீதான் தள்ளினாய். பிறகு உன் பெயரிலிருந்து ரெ, விஜயதாஸ் என்ற அண்ணன் பெயரின் தலையிலிருந்து வி, வாலிலிருந்து தா. சேர்த்துச் சொன்னதும் அண்ணன் துள்ளிவிட்டார். "இந்தப் பேரு லோகத்தில வேற ஒருத்திக்கும் கெடையாதாக்கும். கேட்டா எந்த ஊரு, எந்தச் சபைன்னு ஒருத்தனும் கண்டுபிடிக்க மாட்டான். உள்ள அப்பனும் அம்மையும் மட்டும்தான் உண்டு" என்றார். நம் அப்பாமார் காலத்தில் பெயரைக் கேட்டாலே பாதி ஜாதகம் தெரிந்துவிடும். அதனால்தானே நம் கூட்டத்தில் எல்லாரும் இப்படிப் புதுப்பெயர் கட்டுகிறார்கள்.

நெய்யாற்றின்கரை ஆஸ்பத்திரியில் உன் பிள்ளை அழாமல் பிறந்த அன்று அவளைத் துணியில் வாங்கியது நான். ஞானஸ்நானம் ஆகாத பிள்ளை என்று பெயர் சொல்லாமலே அடக்கம் செய்தார்கள். அவ்வளவு ஆசையாகக் கட்டிய பெயரும் கூடவே மண்ணுக்குப் போனது எனக்குப் பொறுக்கவில்லை. என் மடியில் ஒரு பெண் கிடந்தபோது வேறு பெயர் வாயில் வரவில்லை, ரெஜிலா.

ஒரு தமாஷ் கேள். இங்கே பிள்ளையின் பெயரைச் சொன்னால் உடனே பிரித்துப் பார்க்கிறார்கள். கடற்கரையில் இவரை மடக்கி, "எலே நிக்கோலாசே, ஒனக்க நியும் இல்ல, ஷைனாக்க ஷையும் இல்ல. இந்த வி ஆருலே?" என்று கேட்டிருக்கிறார்கள். கேட்டவனின் சட்டையைப் பிடித்துவிட்டு வந்தார்.  மீன் குழம்பில் உப்பு கூடிவிட்டது என்று மட்டும் இரண்டு தரம் சொன்னார்.

பதில் எழுது. திட்டியாவது எழுது.

உன்,
ஷைனா

*

மஸ்கட்,
2 ஆகஸ்ட் 1994

ஷைனாவுக்கு,

திட்டியாவது எழுது என்றாய். எழுதுகிறேன்.

என் பட்டுப்புடவை ஒன்று உன்னிடம் இருக்கிறது. வைத்துக்கொள், கேட்கமாட்டேன். காதில் கிடக்கும் கம்மலைக் கேட்டாலும் கழற்றித் தந்திருப்பேன். பெயரை எடுக்க உனக்கு யார் அனுமதி தந்தது?

அவளுக்கு நான் பால் கொடுக்கவில்லை. ஒரு சட்டை போட்டுப் பார்க்கவில்லை. நாங்கள் கொடுக்க முடிந்தது அந்தப் பெயர் ஒன்றுதான். அது மண்ணுக்குப் போனது என்று உனக்கு யார் சொன்னது? அது என்னிடம் இருந்தது. இனி உன் பிள்ளை ஓடும், விழும், பால் தம்ளரைத் தட்டிவிடும். ஒவ்வொரு தடவையும் என் பிள்ளையின் பெயரைச் சொல்லித்தான் நீ திட்டுவாய். 

உன் கடிதத்தை இவரிடம் காட்டவில்லை. இப்போதுதான் கொஞ்சம் சிரிக்கிறார், அதைக் கெடுக்க எனக்கு மனமில்லை.

பெயரை மாற்று. உனக்கு என்ன பஞ்சம்? நிக்கோலஸில் நி, ஷைனாவின் ஷையைக் கொஞ்சம் மாற்றினால் ஷா. நிஷா என்று ஆயத்தமாக இருக்கிறது, ஊராரும் வாயை மூடுவார்கள். மாற்றும்வரை எனக்குக் கடிதம் எழுதாதே.

பிள்ளை சுகமாக வளரட்டும். அதில் எனக்கு மனக்குறை இல்லை.

ரெஜிலா

*

கோட்டுகால்,
21 பிப்ரவரி 1999

அன்புள்ள ரெஜிலா,

எழுதாதே என்றாய், எழுதவில்லை. வருஷாவருஷம் அனுப்பிய கிறிஸ்துமஸ் கார்டில் அச்சடித்ததைத் தவிர ஒரு எழுத்தும் என்னுடையது இல்லை. அதனால் அது சேர்த்தி இல்லை.

உன் கடிதம் வந்த அன்றே நிஷா என்று மாற்றினேன். இவருக்குப் பெருத்த சந்தோஷம். கடற்கரை முழுவதும் போய்ச் சொல்லிவிட்டு வந்தார். ஒரு மாதம் அப்படியே ஓடியது. பிறகு ஒருநாள் பிள்ளை கட்டிலிலிருந்து உருண்டு விழுந்தது. என் வாயில் வந்தது ரெவிதாதான். பதறும்போது வாயில் வருவதுதானே ஒரு பிள்ளைக்குப் பெயர்? அதற்குப் பிறகு நிஷா வீட்டில் நிற்கவில்லை. இவரே ஒருநாள், "போட்டும் விடு, அந்தப் பேருதான் அவளுக்குப் பொருத்தமா இருக்கு" என்று சொல்லிவிட்டார். இன்றைக்கும் ஊரில் யாராவது வி யாரென்று கேட்டால் இவருக்குக் கை நீளும். ஆனால் பெயரைக் குறை சொல்லமாட்டார்.

ஜூனில் ஒன்றாம் வகுப்பில் சேர்க்கவேண்டும். பள்ளிக்கூடத்தில் எழுதுகிற பெயர்தான் இனி அவளுக்குச் சாகும்வரை. அதனால்தான் உன் வாக்கை மீறி எழுதுகிறேன். நீ வேண்டாம் என்றால் நிஷா என்றே எழுதிக்கொடுப்பேன். நாக்கைக் கடித்தாவது பழகிக்கொள்வேன். அவள் அழுவாள், இரண்டு நாளில் மறந்துவிடுவாள். எனக்குத்தான் நீ இல்லாத குறை மறக்கமாட்டேன் என்கிறது. கல்லூரி பஸ்ஸில் எனக்கு இடம் பிடித்து வைத்தவள் நீ. பெயரைத் திருப்பித் தந்தால் நீ கிடைப்பாய் என்றால் தந்துவிடுகிறேன், வாங்கிக்கொள்.

மே கடைசிக்குள் பதில் வராவிட்டால் வேண்டாம் என்றுதான் எடுத்துக்கொள்வேன்.

உன்,
ஷைனா

*

மஸ்கட்,
11 மே 1999

அன்புள்ள ஷைனா,

உன் கடிதத்துக்குப் பதில் எழுதுவதில்லை என்றுதான் இருந்தேன். ஜூன் பிறந்தால் நிஷா ஆகிவிடுவாள், எல்லாம் தானாக முடிந்துவிடும் என்று கல்மனதோடு இருந்தேன்.

போன மாதம் இவருடைய அப்பா பாறசாலையில் காலமானார். அடக்கத்துக்கு இவர் மட்டும் வந்தார். திரும்புவதற்கு முந்தின நாள், எனக்குக்கூடச் சொல்லாமல் உங்கள் வீட்டுக்கு வந்திருக்கிறார். நீ சந்தைக்குப் போயிருந்தாயாம். முற்றத்தில் நிற்கும்போது உன் மாமியார், "எடீ ரெவிதா, ஆரோ வந்திருக்காவ" என்று கூப்பிட்டிருக்கிறார். இவருக்கு ஒன்றும் தெரியாதே. 

பிள்ளை ஓடிவந்து, "மாமனுக்க பேரென்ன?" என்று கேட்டிருக்கிறாள். விஜயதாஸ் என்றிருக்கிறார். அவள் விரலில் எண்ணிப் பார்த்துவிட்டு, "அப்ப எனக்க பேருல உள்ள வி நீங்களாக்கும். தாவும் நீங்கதான். அம்மை சொல்லியிருக்கு. ரெ எப்ப வருவாவ?" என்று கேட்டிருக்கிறாள்.

இவர் கொண்டுவந்த பொட்டலத்தைத் தரையில் வைத்துவிட்டுத் திரும்பிப் பார்க்காமல் நடந்துவிட்டார். யாரோ ஒரு கிறுக்கன் வந்து போனான் என்று உன் மாமியார் சொல்லியிருப்பார். அந்தக் கிறுக்கன் இவர்தான்.

இங்கே வந்து, ஏன் என்னிடம் மறைத்தாய் என்று கேட்டார். பெரிய சண்டை. அது முடிந்து இரண்டு பேரும் சேர்ந்து அழுதோம். பிள்ளை போனபோதுகூட நாங்கள் சேர்ந்து அழுததில்லை, ஷைனா. அவர் வெளியே அழுதார், நான் உள்ளே அழுதேன்.

ஊரெல்லாம் கேட்டும் சொல்லாத விஷயத்தை நீ பிள்ளைக்குச் சொல்லி வைத்திருக்கிறாய். இத்தனை வருஷமும் எங்களுக்காக ஊராரிடம் ஏச்சு வாங்கியவர் நிக்கோலஸ். அவர் முகத்தில் எப்படி விழிப்பேன் என்று தெரியவில்லை. என் அன்பைச் சொல்.

கோபம் தீர்ந்துவிட்டது என்று துள்ளாதே. கேட்காமல் எடுத்தது எடுத்ததுதான். நேரில் வந்து நாலு வார்த்தை கேட்பேன், எதிர்ப்பேச்சு பேசாமல் நிற்கவேண்டும். ரெவிதா என்றே பள்ளிக்கூடத்தில் எழுது. சேர்க்கும் அன்று நாங்களும் கூட வருகிறோம்.

இருபத்தெட்டாம் தேதி வந்து இறங்குவோம். ஒன்றே ஒன்று கேட்கிறேன், செய்வாயா? நாங்கள் வரும்போது பிள்ளை முற்றத்தில் விளையாடிக்கொண்டிருந்தால் நீ அவளைக் கூப்பிடாதே. மாமியாரையும் கூப்பிட விடாதே. அந்தப் பெயரை மனதுக்குள் எத்தனையோ தடவை சொல்லியிருக்கிறேன். ஒரு பிள்ளையைப் பார்த்து வாய்விட்டு அழைத்ததில்லை. வாசலில் நின்று நான் கூப்பிடுகிறேன். அவள் திரும்பிப் பார்க்கவேண்டும்.

உன்,
ரெஜிலா