செத்த தென்னையும் திருத்த மனுவும்

அன்பு மகள் வெரோனாவுக்கு அப்பா எழுதுவது. இங்கே நானும் உன் அம்மாவும் ஆடுகள் மூன்றும் சுகம். என் முழங்கால்தான் மழை வருவதற்கு முந்தின நாளே சேதி சொல்லிவிடுகிறது. டொரான்டோவில் நீயும் மாப்பிள்ளையும் பிள்ளைகளும் நன்றாக இருக்க வேண்டும் என்று ஞாயிறு தவறாமல் சர்ச்சில் மண்டியிட்டுக் கேட்கிறேன், அப்படி மண்டியிட்டுத்தான் முழங்கால் இந்தக் கதி ஆனது என்கிறாள் உன் அம்மா. நீ அனுப்பிய கம்பளிக் காலுறை வந்து சேர்ந்தது. ஜமைக்கா வெயிலில் அதை எங்கே போடுவது, ஆனாலும் ஒரு ஞாயிறு போட்டுக்கொண்டு போய் எல்லோருக்கும் காட்டிவிட்டு வந்தேன்.

வழக்கு என்ன ஆயிற்று என்று கேட்டிருந்தாய். இங்கிலாந்தில் முப்பது வருஷம் இருந்துவிட்டு வந்த டேக்கர்ஸ், நம் பக்கத்து நிலத்தை மிஸ் யூனாவிடம் வாங்கினாரே, அவர் அளக்கிறேன் என்று சர்வேயரைக் கூட்டி வந்ததும், கயிறு நம் சமையலறைக்குள்ளேயே புகுந்து அடுப்பின் மேல் போனதும் உனக்கு எழுதியிருந்தேன். கயிற்றுக்கு அந்தப் பக்கம் இருக்கும் அடுப்பும் தண்ணீர்த் தொட்டியும் அவருக்காம், பாத்திரம் கழுவும் மூலை மட்டும் நமக்காம். உன் அம்மா சர்வேயரிடம், "கயித்தக் கொஞ்சம் தூக்கிப் பிடிப்பா, மீன் வறுக்கணும்" என்று சொல்லிவிட்டு வறுத்தே முடித்தாள். பிறகு அவர் வழக்குப் போட்டார், பதிலுக்கு நாம் எதிர்வாதுரை போட்டோம். நம் வக்கீல் மிஸ் லம்ஸ்டன் நேற்றுப் படித்து முடித்த பெண் மாதிரி இருப்பாள், ஆனால் கெட்டிக்காரி. 1958-இல் நீ பிறந்தபோது உன் தொப்புள்கொடியைப் புதைத்து அதன் மேல் நட்ட தென்னைதான் எல்லை, அதிலிருந்து ஓடைக் கல் வரை எல்லைக்கென்று நட்ட டிராகன் செடி வரிசை, இரண்டு பக்கத்தாரும் இத்தனை காலம் அதை ஒப்புக்கொண்டு வந்திருக்கிறார்கள் என்று நான் சொல்லச் சொல்ல எழுதினாள். எல்லாம் உண்மை என்று கீழே கையெழுத்தும் போட்டுக் கொடுத்தேன்.

அங்கேதான் மாட்டிக்கொண்டேன் கண்ணு. டேக்கர்ஸ் ஒரு விவசாய அதிகாரியைக் கூட்டி வந்தார். அந்த மனிதர் மரத்தை ஒரு சுற்றுச் சுற்றிவிட்டு, இது கலப்பு ஜாதி, இந்தத் தீவில் இதை நட ஆரம்பித்ததே எழுபதுகளில்தான், 58-இல் யார் நட்டிருக்க முடியும் என்று எழுதிக் கொடுத்துவிட்டுப் போய்விட்டார். மிஸ் லம்ஸ்டன் கதவைச் சாத்திவிட்டு, "ஐயா, எங்கிட்டயாவது நெசத்தச் சொல்லுங்க. இந்த ஒண்ணு பொய்யின்னா மத்ததையும் நீதிபதி நம்ப மாட்டாங்க" என்றாள். சொன்னேன். உன்னிடமும் சொல்கிறேன். உன் மரம் செத்துப்போய்விட்டது. 79-இல் வட்டாரம் முழுக்கத் தென்னைக்கு மஞ்சள் நோய் வந்ததே, அதில் முதலில் காய் கொட்டியது, பிறகு கொண்டையே விழுந்து வெறும் கம்பமாக நின்றது. தொப்புள்கொடி இருக்கும் இடத்துக்குப் பிள்ளை எப்படியும் திரும்பி வரும் என்பார்கள். நீ போய் இரண்டு வருஷம்தான் ஆகியிருந்தது. அந்தக் கம்பத்தை வேரோடு தோண்டி எடுத்தேன். யாருக்கும் சொல்லாமல் புதுக் கன்று வைத்தேன். வருஷா வருஷம் கிறிஸ்துமஸுக்கு உன் மரம் என்று படம் அனுப்பினேனே, மரம் உயரமாகத் தெரியட்டும் என்று தரையில் படுத்துக்கொண்டு எடுத்தது அது. உன் அம்மா எல்லாப் படத்திலும் உட்கார்ந்தே இருப்பதும் அதற்காகத்தான்.

யாருக்கும் சொல்லாமல் என்றேன், மிஸ் யூனாவைத் தவிர. அதைக் கேட்டதும் மிஸ் லம்ஸ்டன் நாற்காலியைவிட்டு எழுந்துவிட்டாள். அன்று கன்றைப் பிடித்துக்கொண்டு நின்றதே மிஸ் யூனாதான், மண் தள்ளியது நான். "அதே குழியில வையிங்க ஆஸ்மண்ட், ஒரு அடி தள்ளி வச்சாலும் நாளைக்கு நம்ம பிள்ளைங்க அடிச்சிக்கும்" என்று சொன்னாள் அவள். அந்த நிலத்துக்கு அப்போது சொந்தக்காரி, தன் கையாலேயே எல்லையைப் பிடித்து நின்றிருக்கிறாள், இதைவிட என்ன சாட்சி வேண்டும், இதை ஏன் ஐயா மூடி வைத்தீர்கள் என்று அந்தப் பெண் தலையில் கை வைத்துக்கொண்டாள். மிஸ் யூனா போர்ட் அன்டோனியோவில் மகன் வீட்டில் இருக்கிறாள், எண்பத்தொரு வயது, என்னைவிட நன்றாக ஞாபகம் வைத்திருக்கிறாள்.

எதிர்வாதுரையைத் திருத்த அனுமதி கேட்டு மனுப் போட்டோம். போன செவ்வாய் கூப்பிட்டார்கள். டேக்கர்ஸின் வக்கீல், விசாரணைக்குத் தேதி குறித்த பிறகு மரத்தையே மாற்றுகிறார்கள், இனி வீட்டையும் மாற்றுவார்களா என்று கேட்டார். நீதிபதி அம்மா கண்ணாடிக்கு மேலாக என்னைப் பார்த்து, முதலிலேயே ஏன் சொல்லவில்லை என்றார். இந்தக் காகிதம் என்றைக்காவது என் மகள் கண்ணில் படும் என்று பயந்தேன் அம்மா என்றேன். எல்லோரும் சிரித்தார்கள், டேக்கர்ஸும் சிரித்தார், அவர் தொப்புள்கொடியின் மேலும் எங்கோ ஒரு பலாமரம் நிற்கிறதாம். நீதிபதி மட்டும் சிரிக்காமல், "இப்ப அவங்களுக்குத் தெரியுமா?" என்று கேட்டார். இன்னும் இல்லை என்றேன். கொஞ்ச நேரம் எழுதிக்கொண்டிருந்துவிட்டு, உண்மையான தகராறு எதுவோ அதைத்தான் விசாரிக்க வேண்டும், திருத்தலாம், எதிர்த்தரப்புக்கு இன்றைய செலவைக் கொடுத்துவிட்டுப் பதினாலு நாளில் தாக்கல் செய்யுங்கள் என்று உத்தரவு போட்டார். அடுப்பு பிழைத்துக்கொள்ளும் என்று மிஸ் லம்ஸ்டன் சொல்கிறாள். உன் அம்மா அன்றைக்கே அக்கிப் பழமும் கருவாடும் சமைத்து அந்தப் பெண்ணுக்குக் கட்டிக் கொடுத்துவிட்டாள்.

திருத்திய காகிதம் மேஜைமேல் தயாராக இருக்கிறது. இந்தக் கடிதத்தைத் தபாலில் போட்டுவிட்டு வந்துதான் அதில் கையெழுத்துப் போடுவேன். கோர்ட்டுக்குத் தெரிவதற்கு முன்னால் உனக்குச் சொல்லியிருக்க வேண்டியது. சொல்ல வந்தவன் எல்லாவற்றையும் சொல்லிவிடுகிறேன். 88-இல் டிக்கெட் வாங்கட்டுமா என்று கேட்டாயே, புயலில் வீடு போய்விட்டது, இப்போது வராதே என்று எழுதினேன். வீடு போகவில்லை மகளே. கூரையில் நாலு தகரம்தான் போனது, மூன்றே நாளில் அடித்துவிட்டேன். நீ வந்தால் மரத்தைப் பார்த்துவிடுவாய் என்று பயம். மரம் செத்தால் பிள்ளை வராது என்று பயந்தவன், வருகிறேன் என்ற பிள்ளையை நானே தடுத்தேன். இதற்கு எந்தக் கோர்ட்டில் போய்த் திருத்த மனுப் போடுவது என்று எனக்குத் தெரியவில்லை.

கடவுள் உன்னையும் உன் வீட்டையும் ஒரு குறையும் இல்லாமல் வைத்திருக்கட்டும். சின்னவனை வெறுங்காலோடு பனியில் விடாதே, அம்மா இரண்டு தரம் சொல்லச் சொன்னாள். விசாரணை ஆகஸ்ட் பத்தாம் தேதி. உன்னைச் சாட்சிக்கு வரச்சொல்லி வக்கீல் கேட்கவில்லை. வா என்று நான்தான் கேட்கிறேன்.

உன் அப்பா,
ஆஸ்மண்ட்