சாந்தி பார்க்கக் கூடாத படம்

17-6-77, வெள்ளி
காலையிலிருந்தே புழுக்கம். கம்பெனி டைம் ஆபீஸில் ஃபேன் ஓடவில்லை.

பேக்கிங் வேலை கேட்டு ஒரு பெண். பள்ளிச் சான்றிதழில் வயது பதிமூன்று. பதினாலு ஆகாமல் கம்பெனிக்குள் விட முடியாது என்றேன்.

"உங்க பொண்ணு எட்டு வயசுல சினிமாவுல நடிக்குதே சார், அது மட்டும் செல்லுமா?" என்றாள் அந்தப் பெண்.

வாட்ச்மேன் சிரித்தான்.

வீட்டில் சாந்தியின் இரண்டாவது படத்துக்கு ஒப்பந்தக் காகிதம். தகப்பன் கையெழுத்து வேண்டுமாம். திங்கள் சினிமாக் கம்பெனி மேனேஜர் வருகிறார். சாந்தியின் அம்மா கமலாதான் அவசரப்படுத்துகிறாள்.

வாங்க வேண்டியது: கொசுவர்த்தி, சாந்திக்கு ரிப்பன்.

18-6, சனி
சாந்தியின் முதல் படம் பொன்னேரிக் கொட்டகைக்கு வந்துவிட்டது. மூவரும் போனோம். போஸ்டரில் பெரிதாக 'ஏ'. கவனிக்கவே இல்லை, என் புத்தி!

டிக்கெட் கிழிப்பவர், "கொயந்தைய உள்ள உட முடியாது சார். போலீஸ் வந்தா பேஜாரு."

"இதுல நடிச்சதே இவதாம்பா."

"நடிக்கலாம் சார். பாக்கத்தான் கூடாது."

என்ன நியாயமோ. சாந்தி ஒரே அழுகை. கமலா அவளோடு சோடாக் கடையில். நான் மட்டும் உள்ளே.

குடிகாரன் மனைவியை வெட்டுகிறான். கட்டிலடியில் சாந்தி அலறுகிறாள். நடிப்பே இல்லை. பெற்றவனுக்குத் தெரியாதா? இடைவேளைக்கு முன்பே வெளியே வந்தேன்.

திரும்பும் ரயிலில் சாந்தி தூங்கியதும், அந்த அலறல் எப்படி வந்தது என்று கமலாவைக் கேட்டேன். மழுப்பினாள். பிறகு, "அழுகையே வரலீங்க அதுக்கு. நைனா மிஷின்ல மாட்டிக்கினு செத்துட்டாருன்னு டைரக்டர் சொன்னாரு. ஒரே டேக்குல ஓகே."

"நீ எங்க இருந்த?"

"ஒளிஞ்சிக்கினு இருந்தேன். அப்பதானே நம்பும்."

ஷூட்டிங் முடிந்த இந்த ஒரு வருஷமாக, நான் வேலை விட்டு வந்ததும் சாந்தி ஓடிவந்து என் கை, விரல் எல்லாம் தடவிப் பார்க்கிறாள். பாசம் என்று பூரித்துப்போயிருந்தேன். மடையன்.

20-6, திங்கள்
மேனேஜர் வந்தார். சென்சாரில் இதையெல்லாம் கேட்க மாட்டார்களா என்றேன்.

"டான்ஸ்ல இடுப்ப வெட்டுனாங்க சார். கொயந்த அழுதா இன்னாத்துக்கு வெட்டுவாங்க? படம் பாக்கற கொயந்தைக்குத்தான் சட்டம்."

தலை சுற்றுகிறது. ஃபாக்டரிச் சட்டத்தில் சினிமா இல்லை. வேறு யாரைக் கேட்பது? கமலாவும் கெட்டவள் இல்லை. கையெழுத்துப் போடவா, வேண்டாமா? கடைசியில் சாந்தியையே கேட்டேன், போகிறாயா என்று.

"போறேன் நைனா. ஆனா இந்த வாட்டி அம்மா செத்துட்டாங்கன்னு சொல்லச் சொல்லு."

கமலா காபி டம்ளரோடு நின்றுவிட்டாள். பிறகு அவளே காகிதத்தை எடுத்து மேனேஜர் கையில் கொடுத்தாள், கையெழுத்தில்லாமல்.