நான்கு முறை ஏறிய பஸ்

அக்டோபர் 11
எங்கள் ஊர் எர்செகாவில் படம் எடுக்கத் தலைநகர் டிரானாவிலிருந்து ஆட்கள் வந்திருக்கிறார்கள். ஊரைவிட்டுப் போகும் இளசுகளைப் பற்றிய உண்மைப் படமாம். டைரக்டர் யோனிதா என்னிடம், "எப்பக் கெளம்பறே?" என்றாள்.
"போகலையே. பெத்ரித் மாமா கடையில வசந்தத்துல பியூட்டி பார்லர் வைக்கப்போறேன்." தண்ணீர்க் குழாய் உள்ள காலிக் கடை ஊரில் அது ஒன்றுதான்.
கேமராவை மூடிவிட்டாள்.

அக்டோபர் 13
நிஜமாகவே ஜெர்மனி போகிற என் சித்தப்பா மகன் லேதியோ, படமெல்லாம் வேண்டாம் என்றுவிட்டான். யோனிதா என்னிடமே திரும்பி வந்தாள். "போற மாதிரி பஸ் ஏறு, போதும். கடைசியில உன் பார்லரையும் காட்டறேன்."
உண்மைப் படமாச்சே என்றேன்.
"யாராவது ஒருத்தி போகத்தானே போறா?"
ஓசியில் விளம்பரம். சம்மதித்தேன்.

அக்டோபர் 14
காலிப் பெட்டியோடு நான்கு முறை பஸ் ஏறினேன். பயணம் போகிறவர் நல்லபடியாகத் திரும்பி வர அவர் பின்னால் தண்ணீர் ஊற்ற வேண்டுமே, அம்மாவும் நான்கு முறை ஊற்றினாள். ஒவ்வொரு முறையும் பெட்ரோல் பங்க் திருப்பத்தில் யோனிதா கையைத் தூக்குவாள், டிரைவர் நிறுத்துவார், நான் இறங்கி நடந்து வருவேன். நான்காம் முறை அம்மா தேம்பித் தேம்பி அழுதாள்.
"பொய்தானேம்மா!"
"தெரியுதுடி. ஆனா வருதே."
எனக்கு ஒரு மாதிரி ஆகிவிட்டது. யோனிதாவுக்குப் பரம திருப்தி.

மார்ச் 2
டிவியில் வந்தது. பார்லர் பற்றி மூச்சே இல்லை. பஸ்ஸோடு படம் முடிந்தது.

மார்ச் 3
காலையிலிருந்து மூன்று பேர் பொட்டலத்தோடு வந்துவிட்டார்கள். ஸ்டுட்கார்ட்டில் இருக்கும் பிள்ளைகளுக்குப் பாலாடைக்கட்டி, வால்நட் ஜாம். நான் போகவில்லை என்று சொன்னால், "எங்ககிட்ட என்னடி ஒளிவுமறைவு?"

மார்ச் 5
பெத்ரித் மாமா கடையை டயர் விற்பவனுக்குக் கொடுத்துவிட்டார்!
"நீதான் பஸ் ஏறிட்டியே, டிவில பாத்தேனே."
"நேத்து உங்க எதிர்ல உக்காந்து காபி குடிச்சது யாராம்?"
"சொல்லிட்டுப் போகத்தான் வந்தியோன்னு நெனச்சேன்."
பாவி மனுஷன். மூணு வருஷமா கனவு கண்ட இடம் — டயர். அழுகைகூட வரலை, ஆத்திரம் ஆத்திரமா வருது. யார் மேல? ஏறினது நான்தானே?

மே 20
ஜெர்மனியிலிருந்து லேதியோ போன் செய்தான். அவன் தெருவில் ஒரு பார்லருக்கு ஆள் வேண்டுமாம். சரி என்றேன்.

செப்டம்பர் 9
அதே பஸ், அதே டிரைவர். பெட்டி மட்டும் கனம். பாதி அக்கம்பக்கத்துப் பாலாடைக்கட்டி. அம்மா தண்ணீர் ஊற்றினாள். அழவில்லை. காலி ஜக்கோடு அங்கேயே நின்றாள்.
பெட்ரோல் பங்க் திருப்பத்தில் பழக்கதோஷத்தில் டிரைவர் வேகத்தைக் குறைத்தார். நானும் எழுந்து நின்றேன்.
யாரும் கையைத் தூக்கவில்லை.