மாற்றித் தர முடியாத கிழமைகள்

ரோலா, ஷார்ஜா
10-08-2009

அன்பு மகள் கஜாலினி, மருமகன் நகுலன், பேர்த்தி அபிரா மூவருக்கும்,

இங்கே நானும் உன் தம்பி சுகிர்தனும் மருமகள் வதனியும் புதிதாக வந்து சேர்ந்த சின்னவள் யோகிதாவும் சுகம். வெயிலைத் தவிர எங்களுக்கு வேறு குறை இல்லை, மழையைத் தவிர உங்களுக்கும் வேறு குறை இருக்கக்கூடாது என்று விளக்கு வைக்கும்போதெல்லாம் கந்தனிடம் கேட்கிறேன். வழமையாக நான் சொல்லச் சொல்லச் சுகிர்தன்தான் எழுதுவான், இந்த முறை அவனிடம் சொல்லவில்லை, சொன்னால் எழுதமாட்டான். எழுதுகிறது பானுமதி, எங்கள் பிளாட்டின் மற்ற அறையில் இருக்கிற தஞ்சாவூர்ப் பக்கத்துப் பிள்ளை, தையல்கடையில் பின்னேர டியூட்டி, காலையில் வீட்டில் நிற்பாள். நான் கிழமை என்று சொன்னால் ஐயா வாரம்னு எழுதிடட்டுமா என்கிறாள், வேண்டாம் பிள்ளை, கிழமை என்று இருந்தால்தான் என் மகளுக்கு அப்பா கதைக்கிற மாதிரி இருக்கும் என்று சொல்லியிருக்கிறேன். நீங்கள் இருக்கிற பேர்கனுக்கு நான் வருகிற விஷயமாகத்தான் இந்தக் கடிதம். போனில் சொல்லலாம், ஆனால் போனில் நீ அழுதால் நான் பாதியில் நிறுத்திவிடுவேன், பாதியில் நிற்கிற கதை உனக்கும் நல்லதில்லை, வயிற்றில் இருக்கிற பிள்ளைக்கும் நல்லதில்லை. ஆகவே காலை நீட்டி இருந்து ஆறுதலாக வாசி.

இரண்டு முறை கிடைக்காமல் போன விசா மூன்றாம் முறை குத்தி வந்த அன்று உன் தம்பி அந்தப் பாஸ்போர்ட்டைக் கீழே குரோசரிக் கடைக் காதர் மைதீனிடம் கொண்டுபோய்க் காட்டினான், அவர் அதைக் கடைக்கு வந்தவர்களுக்கெல்லாம் காட்டி, பாருங்க, நம்ம மார்க்கண்டண்ணன் பனி பாக்கப் போறாரு என்று ஒரு பெரிய விளம்பரம் செய்துவிட்டார். அதோடு நிற்காமல் சுகிர்தன் எனக்கு ஒரு கம்பளிக் கோட்டு வாங்கி வந்தான். ஆகஸ்ட் மாதத்தில் ரோலாக் கடைகளில் கம்பளிக் கோட்டுத் தேடின ஆள் அவன் ஒருவனாகத்தான் இருக்கும். ஏசியை முழுதாகப் போட்டுவிட்டு அதை உடுத்திக் கண்ணாடிக்கு முன்னால் நின்றேன். பேர்கன் விமான நிலையத்தில் நீ நிற்கிற இடம், அபிரா உன் சட்டையைப் பிடித்துக்கொண்டு நிற்கிறது, நகுலன் வந்து என் பெட்டியை வாங்குகிறது, எல்லாம் அந்தக் கண்ணாடிக்குள் ஒருமுறை நடந்தது. பதினொரு வருடத்துக்கு முன் கொழும்பில் உன்னை ஏற்றிவிட்டபோது நீ நீலச் சட்டை போட்டிருந்தாய், இடது பக்கப் பின்னல் அவிழ்ந்திருந்தது, அதைச் சரி செய்யச் சொல்ல நினைத்தேன், அதற்குள் கதவுக்கு அந்தப் பக்கம் போய்விட்டாய். அந்தப் பின்னல் எனக்கு இப்போதும் அவிழ்ந்தபடிதான் இருக்கிறது.

போன கிழமை நீ போனில் சொன்ன ஒரு சொல் என்னைப் பிடித்துக்கொண்டது. அப்பா வாறதால இவர் இந்தமுறை லீவு எடுக்கிறேல்லை எண்டு யோசிக்கிறார், மீன் தொழிற்சாலையில எங்கட பெடியள் பகிடி பண்ணுறாங்களாம் என்றாயே. அந்த லீவைப் பற்றி எனக்கு ஒரு பழைய கணக்கு இருக்கிறது. அபிரா பிறந்த வருடத்துக்கு அடுத்த வருடம், ஒரு புதன்கிழமை, நல்ல வேலை நேரம், உங்கள் வீட்டுக்குப் போன் எடுத்தால் நகுலன் எடுக்கிறார், பின்னால் பிள்ளை அழுகிறது. கஜா எங்கே என்றேன். வேலைக்குப் போட்டா மாமா, நான்தான் லீவில நிக்கிறன், நாலு கிழமை என்றார். இந்தப் பக்கத்தில் ஒரு ஆண்பிள்ளை வேலை நாளில் நாலு கிழமை அறைக்குள் இருந்தால் அதற்கு ஒரே அர்த்தம்தான், விசா கேன்சல், வேலை கலாஸ், அடுத்தது டிக்கெட். நான் அந்தக் காலோடு இறங்கிக் காதர் மைதீனிடம் போனேன். அவரும் பாவம், மாப்பிள்ளை பாஸ்போர்ட் காப்பிய வாங்குங்கண்ணே, விசா குடுக்குற கஃபீல்ட்ட நான் பேசுறேன், மீன் வேலை தெரியும்னா இங்க மார்க்கெட்டுல சேத்துடலாம் என்று அப்போதே ஒரு ஆளுக்குப் போன் போட்டார். மறுநாள் நான் நகுலனிடம், தம்பி வெக்கப்படாதையுங்கோ, இஞ்ச ஒரு இடம் பாத்து வைச்சிருக்கிறன் என்று சொல்ல, மனுசன் சிரித்த சிரிப்பில் அழுத பிள்ளையும் வாயை மூடிவிட்டது. பிறகுதான் விளங்கப்படுத்தினார், வேலை போகவில்லை, சம்பளமும் போகவில்லை, பிள்ளை பெற்ற தகப்பனுக்கென்றே அரசாங்கம் ஒதுக்கி வைத்த லீவு, பப்பா பெர்ம் என்று அதற்கு ஒரு பெயர், தகப்பன் எடுக்காவிட்டால் அது தாய்க்கும் போகாது, அப்படியே அழிந்துபோகும் என்று. காதர் மைதீனுக்குச் சொன்னேன். அட அல்லாவே, சம்பளத்தையும் குடுத்துத் தொட்டில ஆட்டச் சொல்ற கவர்மெண்டா, எனக்கு ஒரு விசா எடுக்கச் சொல்லுங்கண்ணே, நான் நல்லாவே ஆட்டுவேன் என்றார்.

அன்றைக்கு நாலு கிழமை, இப்போது வரப்போகிற பிள்ளைக்குப் பத்துக் கிழமையாகக் கூட்டியிருக்கிறார்கள் என்று நீ சொன்னாய். ஒவ்வொரு தேசமும் ஒவ்வொரு மாதிரி யோசிக்கிறது, யோசித்ததையும் அடிக்கடி மாற்றுகிறது. கனடாவில் என் தம்பியின் மகள் மூத்தவனைப் பெற்றபோது ஆறு மாதம்தான் வீட்டில் நின்றாள், இளையவள் பிறப்பதற்குள் சட்டம் மாறி ஒரு வருடம் கிடைத்தது. மூத்தவன் இப்போதும், தங்கச்சியோட மட்டும் ஏன் கனநாள் நிண்டனீங்கள் என்று தாயைக் கேட்கிறானாம். ஜெர்மனியில் என் தமக்கை வீட்டில் நடந்தது உனக்குத் தெரியும். 2007 பிறந்த பிறகு வருகிற பிள்ளைகளுக்குப் புதுச் சட்டம், தாயோ தகப்பனோ வீட்டில் நின்றால் வாங்கின சம்பளத்தில் பெரிய பங்கு வரும், ஒரு நிமிடம் முந்தினாலும் பழைய சட்டம். மருமகளைப் படியேற விடவில்லை, பலமாகச் சிரிக்க விடவில்லை, தமக்கை காவல் இருந்தா. பிள்ளை மார்கழி முப்பத்தொன்று பின்னேரம் வந்துவிட்டான். அவசரக்குடுக்கை, அப்பன்ர புத்தி என்று தமக்கை எனக்குப் போன் எடுத்து ஏசினா, பின்னால் வெடிச்சத்தம் கேட்டது. உங்கள் தேசத்திலேயே பிள்ளையைப் பாலர் பாடசாலைக்கு விடாமல் வீட்டில் வைத்திருந்தால் அதற்கும் காசு தருவார்கள், விட்டால் இடம் தருவார்கள் என்று நீ சொன்னபோது, இவர்கள் தாயை வீட்டுக்குப் போ என்கிறார்களா வேலைக்குப் போ என்கிறார்களா என்று எனக்கு விளங்கவில்லை. ஆனாலும் ஏதோ ஒரு ஆள் எங்கேயோ ஒரு மேசையில் இருந்து, பிள்ளை பிறந்தால் அதை யார் தூக்குவது என்று யோசித்திருக்கிறான். அதுவே பெரிய விஷயம்.

இங்கே வதனிக்கு நாற்பத்தைந்து நாள். இன்னும் பத்து நாளில் முடிகிறது. அவள் வேலை துபாயில், டெய்ராவில் ஒரு கார்கோ ஆபீசில், ரோலாவில் பஸ் ஏறினால் போகிற வழியிலேயே பாதி நாள் கழிந்துவிடும். பிள்ளைக்குப் பால் கொடுக்க ஒரு நாளைக்கு அரை மணி அரை மணியாக இரண்டு தடவை தரவேண்டும் என்று இங்கேயும் சட்டம் இருக்கிறதாம், ஆனால் பால் டெய்ராவில் பிள்ளை ஷார்ஜாவில், அரை மணியில் என்ன செய்வது. மானேஜர் நல்ல மனுசன், ஒரு மணி நேரம் முந்திப் போகச் சொல்லியிருக்கிறார். தகப்பனுக்கு ஒன்றுமில்லை. யோகிதா பிறந்த விடியற்காலை சுகிர்தன் ஆஸ்பத்திரியில் பிள்ளையின் முகத்தைப் பார்த்துவிட்டு நேரே சைட்டுக்குப் போனான், கையில் இனிப்புப் பெட்டியோடு. வதனி வேலையை விட்டால் இந்த வீட்டு வாடகை தாங்காது. நான் பேர்கனுக்கு வருவேன் என்ற எண்ணத்தில் அவர்கள் இருவரும் ஒரு முடிவு எடுத்திருக்கிறார்கள், உனக்கு அதைச் சொல்லவில்லை, சொல்லவேண்டாம் என்று எனக்கும் கட்டளை. பிள்ளையைக் கொழும்பில் வதனியின் தமக்கையிடம் விடப்போகிறார்கள், இரண்டு மூன்று வருடத்துக்கு. இந்தக் கட்டடத்தில் எத்தனையோ பேர் அப்படித்தான் செய்திருக்கிறார்கள். போன வெள்ளிக்கிழமை வதனி பிள்ளையைப் பால்மாவுக்குப் பழக்கப் பார்த்தாள், பிள்ளை துப்பிவிட்டது. அவள் குசினிக்குள் போய்த் தண்ணீர்க் குழாயைத் திறந்துவிட்டாள். அந்தச் சத்தத்துக்குள் அழுதால் வெளியே கேட்காது என்று நினைத்தாளாக்கும். எனக்குக் கேட்டது.

நீ பிறந்தபோது நான் குவைத்தில் இருந்தேன், தந்தி வந்தது, கூட வேலை செய்தவர்களுக்குத் தேத்தண்ணீர் வாங்கிக் கொடுத்தேன், அவ்வளவுதான். நான் ஊருக்கு வந்தபோது நீ ஓடித் திரிகிறாய். அம்மாவின் பின்னால் ஒளிந்துகொண்டு, இந்த மாமா எப்ப போவார் என்று கேட்டாய், உன் அம்மா யோகம்மா சிரித்துச் சிரித்துக் கண்ணீர் விட்டாள். சுகிர்தன் பிறந்தபோது ஊரில்தான் நின்றேன், ஆனால் எங்கள் வழக்கம் தெரியும்தானே, பிள்ளை பிறந்த துடக்கு முப்பத்தொன்றாம் நாள் கழியும்வரை ஆண்கள் பிள்ளையைத் தொடுவதில்லை, கழிகிறதுக்கு முன்பே என் லீவு கழிந்துவிட்டது. அதனால் ஒரு மாதக் குழந்தை என்ன பாரம் என்று இந்த வயதுவரை எனக்குத் தெரியாது. யோகிதாவின் முப்பத்தொன்று அன்று பானுமதிதான் அவளைத் தூக்கி என் மடியில் வைத்தாள். கழுத்து நிற்கவில்லை, சூடாக இருந்தாள், என் சட்டைப் பொத்தானைப் பார்த்துக்கொண்டே தூங்கிவிட்டாள். அதற்குப் பிறகு நான்தான் எண்ணெய் பூசுகிறேன், நான்தான் குளிக்க வார்க்கிறேன், பானுமதி கிட்ட நின்று ஐயா காதுல தண்ணி போகுது என்று சத்தம் போடுவாள். வதனி பீய்ச்சி வைத்த பாலை என் கையிலிருந்து போத்தலில் குடித்தாள், துப்பவில்லை.

ஆனபடியால் நான் வரவில்லை மகள். இந்த வரியைச் சொல்ல எனக்கு மூன்று நாள் எடுத்தது. விசாத் திகதி போனால் போனதுதான், நாலாவது முறை கேட்க எனக்கு வயதும் இல்லை, அதுவும் எனக்குத் தெரியும். அபிராவுக்கு நான் அம்மப்பா, யோகிதாவுக்கு அப்பப்பா, இரண்டு பேரையும் இரண்டு கையில் தூக்க எனக்கு ஆசை இல்லையென்று நினைக்காதே. ஆனால் உன் பிள்ளையைத் தூக்க ஒரு வருடத்துக்கு நீ இருக்கிறாய், பத்துக் கிழமைக்குத் தகப்பன் இருக்கிறார், பிறகு பாலர் பாடசாலை இருக்கிறது. இவளுக்கு நான் மட்டும்தான் இருக்கிறேன். உங்கள் பத்துக் கிழமையில் இரண்டை மடித்து ஒரு என்வலப்பில் வைத்துத் தம்பிக்கு அனுப்ப முடியுமென்றால் நான் கேட்டிருப்பேன், அது யாருக்கும் மாற்றித் தர முடியாதது என்று நகுலனே சொல்லியிருக்கிறார். எந்தத் தேசத்துச் சட்டத்திலும் பிள்ளையின் அப்பப்பாவுக்கு லீவு என்று நான் கேள்விப்படவில்லை. அதில் ஒரு நன்மை, என் லீவை நானே எழுதிக்கொள்ளலாம். நேற்றுப் பிள்ளையைத் தோளில் போட்டுக்கொண்டு கடைக்கு இறங்கினேன். என்னண்ணே, டியூட்டி இல்லையா, உங்களையும் கேன்சல் பண்ணிட்டாங்களா என்று காதர் மைதீன் கேட்டார். இல்லைக் காக்கா, நான் பப்பா பெர்மில நிக்கிறன் என்றேன். பயணத்தை விட்டதை அதிலேயே விளங்கிக்கொண்டார் போல, சிரிக்கவில்லை, பிள்ளையின் காலை மட்டும் தொட்டுப் பார்த்தார்.

இந்தக் கடிதம் தபாலில் போன பிறகுதான் சுகிர்தனிடம் சொல்வேன். சத்தம் போடுவான், போடட்டும். நீ அவனை ஏசாதே, பிள்ளையை அனுப்ப நினைத்தது மனமில்லாமல் அல்ல. மருமகன் நகுலனுக்குச் சொல்லிக்கொள்வது, பகிடி பண்ணுகிறவர்கள் பண்ணட்டும், பத்துக் கிழமையையும் ஒரு நாள் விடாமல் எடுங்கோ, நான் வருவேன் என்று நம்பி அழியவிட்டுவிடாதையுங்கோ. கோட்டு வீணாகவில்லை, ஏசிக் குளிருக்கு அதை விரித்துத்தான் சின்னவளைப் படுக்க வைக்கிறேன். கஜா, இரும்புச் சத்துக் குளிசையை மறவாதே, பனியில் தனியே நடக்காதே, பிள்ளை பிறந்த உடனே போனை அதன் வாயடியில் பிடி, அழுகிற சத்தத்தை நான் கேட்கவேண்டும். முதல் ஒரு மாதம் எவ்வளவு பாரமாக இருக்கிறது என்று தூக்கிப் பார்த்து எனக்குச் சொல்லு, இப்போது சொன்னால் எனக்கு விளங்கும். நல்லபடி பிரசவமாகி, நீயும் பிள்ளையும் நூறு வயது நிறைவாக இருக்க, கந்தன் துணை.

இப்படிக்கு
உன் அப்பா
மார்க்கண்டு

எனக்கு இடது கைப் பெருவிரல்தான் வைக்கவேண்டும், ஆனால் இடது கையில் யோகிதா தூங்குகிறாள், எழுப்ப மனமில்லை. வலது கைப் பெருவிரலை வைத்திருக்கிறேன். அதுவும் நான்தான்.