றஊபுக்குக் கொடுத்த பதினைந்து நிமிடம்

04.03.2024
இது என் ஐந்தாவது ஆவணப்படம். பழைய கொலை வழக்குகளைக் கிண்டுகிற கிழவன் என்று அன்புவழிபுரத்தில் சிரிக்கிறார்கள். சிரிக்கட்டும். கலியாண வீடியோ எடுத்த கையால் நானே பழகிய தொழில்.

1999. இறங்குதுறைக்குப் பக்கத்தில் இரும்புக்கடை வைத்திருந்த யோகலிங்கத்தைக் குத்திக் கொன்றார்கள். காலை எட்டு மணிக்குப் பிணத்தைக் கண்டார்கள். பிடிபட்டவர் மூதூருக்கு லோஞ்ச் படகு ஓட்டிய றஊப். முதல்நாள் கடையில் வாய்த்தர்க்கப்பட்டாராம், அதுதான் குற்றம். ஏழேகாலுக்கு அவர் லோஞ்சை எடுத்ததாக இறங்குதுறையில் காவல் நின்ற நேவியின் பதிவு சொல்கிறது. ஏழு மணிக்கு யோகலிங்கம் உயிரோடு இருந்ததற்கு நானே சாட்சி. அவரிடம் பிளக் வாங்கினேன். இடையில் பதினைந்து நிமிடம். அதற்குள் குத்தி, கைகழுவி, லோஞ்சும் ஓட்டினாராம்! நீதிமன்றமும் நம்பியது. றஊப் சிறையிலேயே இறந்தார்.

12.03
வழக்கை விசாரித்த பொலிஸ்காரர் ஓய்வு பெற்றுப் பாலையூற்றில் இருக்கிறார். அன்று கடைக்கு வேறு யார் வந்தார்கள் என்று ஏன் எழுதவில்லை என்று கேட்டேன்.

"கோட்டில ஆரும் கேக்கேல்லை. நான் சொல்லேல்லை."

தேத்தண்ணி வேறு தந்தார். தொடாமல் எழும்பி வந்தேன். ஆரும் கேக்கேல்லையாம்! அந்த மனுசன் செத்துப்போனான், இவருக்குப் பென்சன்.

13.03
இன்னும் கொதிக்குது.

21.03
றஊபின் மகள் ரிஸ்னா மூதூரிலிருந்து வந்தாள். "வாப்பா கொலைகாரன் இல்ல எண்டு வீட்டுக்குள்ள எல்லாரும் சொல்றம் ஐயா. ரோட்டுல நிண்டு சொல்ல ஒரு ஆள் வேணும்."

நான் சொல்கிறேன் என்றேன்.

02.04
யோகலிங்கத்தின் மனைவி குணேஸ்வரி ஒருவழியாகக் கமராவுக்கு முன் இருந்தார். ஒன்பது என்று சொல்லி ஒன்பதுக்கே போனேன்.

"அட, நேரத்துக்கு வந்திட்டீங்கள்! என்ர தங்கச்சிக்குத் தாலி கட்டி முடியவெல்லோ கமராவோட வந்தனீங்கள். தொண்ணூத்தாறில அரசாங்கம் மணிக்கூட்டை அரை மணித்தியாலம் முன்னுக்குத் தள்ளினா நான் தள்ளமாட்டன் எண்டு பத்து வருசம் பழைய நேரத்தில திரிஞ்ச ஆளெல்லே அண்ணை நீங்கள்? கடைசியில அரசாங்கமே உங்கட நேரத்துக்கு வந்திட்டுது."

நானும் சிரித்தேன். பெருமையாகத்தான் இருந்தது. பஸ்ஸில் திரும்பும்போது—

என்ர ஏழு மணி.

நேவிக்கு அது ஏழரை. நான் பிளக் வாங்கும்போது றஊப் கடலில்.

03.04
வாக்குமூலப் பிரதியை எடுத்துப் பார்த்தேன். 'காலை ஏழு மணி.' கீழே என் கையெழுத்து. பழைய நேரம் என்று ஒரு சொல் இல்லை. எழுதினது பொலிஸ், எனக்கென்ன தெரியும்? இல்லை. வாசிச்சுக் காட்டித்தானே கையெழுத்து வாங்கினவங்கள். அந்தப் பதினைந்து நிமிடத்தை நான்தானே குடுத்தனான்.

09.04
ரிஸ்னாவுக்குப் போனில் சொன்னேன். முடியும்வரை கேட்டாள். பிறகு, "நாளைக்கு வாறன். கேள்வி நான் கேக்கிறன்."

10.04
கமராவை அவளிடம் கொடுத்தேன். மற்றவர்களை இருத்துகிற கதிரையில் நான் இருந்தேன்.

"அண்டைக்கே ஏன் சொல்லல்ல?"

'ஆரும் கேக்கேல்லை' என்று வாய்வரை வந்தது. விழுங்கினேன்.

"என்ர பிழை, பிள்ளை."

அவள் கமராவை நிறுத்தவில்லை.